எம்பெக்கவிலிருந்து பேராதனை வரை ஒரு நாள் நடை: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

கண்டிக்குத் தென்மேற்கே, உடுநுவரப் பக்கம், எம்பெக்க தேவாலயம், லங்காதிலக விகாரை, கடலாதெனிய விகாரை என்று மூன்று பழைய இடங்கள் ஒன்றுக்கொன்று நடக்கிற தூரத்தில் இருக்கின்றன. மாதத்தில் இரண்டு ஞாயிற்றுக்கிழமை ஒரு சின்னக் கூட்டத்தை அந்த வழியாக, வயல் வரப்பிலும் கிராமத்து ரோட்டிலுமாக நடத்திக் கூட்டிப்போய், பின்னேரம் பேராதனைப் பூங்காவில் கொண்டுவந்து நாளை முடிக்கிறேன். விளக்கம் எல்லாம் தமிழில்தான். ஒவ்வொரு தடவையும் வருகிற கேள்விகளை இங்கே ஒன்றாக எழுதி வைக்கிறேன்.

கண்டிக்கு வந்தால் தலதா மாளிகைக்குப் போவோம். இந்தக் கோயில்களில் அப்படி என்ன இருக்கிறது?

தலதா மாளிகைக்குக் கட்டாயம் போங்கள், அதற்கு ஒரு நாளைத் தனியாக வையுங்கள். இந்த மூன்றும் கண்டி தலைநகராவதற்கு முந்தியவை, கம்பளையில் அரசர்கள் இருந்த 14ஆம் நூற்றாண்டைச் சேர்ந்தவை. கடலாதெனியவும் லங்காதிலகவும் நான்காம் புவனேகபாகு காலத்தில், 1344இல் எழும்பின. எம்பெக்க கொஞ்சம் பிந்தி, மூன்றாம் விக்கிரமபாகு காலத்தில் வந்தது. கம்பளையில் பிறந்து வளர்ந்தவர்களே என்னோடு வந்து, நம்ம ஊர் ஒரு காலத்தில் தலைநகரமா என்று கேட்டிருக்கிறார்கள்.

ஆனால் நான் இந்த வழியை எடுத்ததற்குக் காரணம் லங்காதிலகவில் உள்ள பாறை. விகாரை கட்டிய விவரத்தை அந்தப் பாறையில் சிங்களத்திலும் வெட்டியிருக்கிறார்கள், தமிழிலும் வெட்டியிருக்கிறார்கள். பள்ளிக்கூடத்தில் யாரும் எனக்கு இதைச் சொல்லித்தரவில்லை. முப்பது வயதுக்குப் பிறகு தற்செயலாகத்தான் தெரிந்துகொண்டேன், அன்றைக்கே பஸ் ஏறிப் போய்ப் பார்த்தேன். அதைப் பார்க்காமல் நம் ஆட்கள் வான் பிடித்து அப்படியே நுவரெலியாவுக்கு ஏறிப் போவதை நினைத்தால் எனக்கு மனது கேட்பதில்லை.

அந்தத் தமிழ்க் கல்வெட்டை நாங்களே வாசிக்க முடியுமா?

நேரே போய் நின்று பத்திரிகை வாசிக்கிற மாதிரி வாசிக்க முடியாது. எழுத்து ஏறக்குறைய 700 வருஷத்துக்கு முந்தியது, இன்றைய வடிவம் இல்லை, பாறையும் வெயிலிலும் மழையிலும் தேய்ந்திருக்கிறது. ஆனால் காலைச் சாய்வெயில் இருக்கும்போது கண்ணைப் பழக்கிக்கொண்டு பார்த்தால் ஒவ்வொரு எழுத்தாகப் பிடிபடும். முதலில் தெரிவது அநேகமாக ஒரு 'ட', அப்புறம் ஒரு 'ப', அப்புறம் இரண்டும் சேர்ந்து ஏதோ ஒரு சொல்லின் துண்டு. கல்வெட்டில் சக ஆண்டு 1266 வருகிறது, அதோடு 78 கூட்டினால் 1344. விகாரையைக் கட்டிய விஷயத்தையும் அதற்கு விட்ட நிலங்களையும் சொல்கிற சாசனம் அது. கட்டும் பொறுப்பை எடுத்தவர் சேனாலங்காதிகார என்ற அமைச்சர், வேலையைச் செய்த ஸ்தபதி தென்னிந்தியாவிலிருந்து வந்த ஸ்தபதி ராயர்.

ஒரு தடவை ஓய்வுபெற்ற ஆசிரியை ஒருவர் வந்திருந்தார், ஹட்டன் பக்கம். மற்றவர்கள் எல்லாம் விகாரைக்குள் போய்விட்டார்கள், அவர் மட்டும் பாறைக்குப் பக்கத்தில் குந்தி உட்கார்ந்து, கல்லைத் தொடாமல், காற்றில் விரலை வைத்து எழுத்தின் வளைவோடு வளைவாக எழுதிப் பார்த்துக்கொண்டே இருந்தார். சின்னப் பிள்ளைகளுக்கு மணலில் எழுதிக் கொடுக்கிற மாதிரி. கால் மணி நேரம் அப்படியே இருந்தார், நானும் கூப்பிடவில்லை. அன்றிலிருந்து லங்காதிலகவில் நிற்கிற நேரத்தை ஒரு மணியிலிருந்து ஒன்றரை மணியாக ஆக்கினேன்.

சிலர் அந்தக் கல்லைப் பார்த்ததும், அப்போ இது நம்ம கோயில்தானே என்கிறார்கள். நான் அப்படிச் சொல்வதில்லை. சிங்கள அரசர் ஒருவர் காலத்தில் எழும்பிய பௌத்த விகாரை அது, இன்றைக்கும் அந்தக் கிராமத்துச் சனங்கள் பூ வைத்துக் கும்பிடுகிற விகாரை. அந்த நாளில் இந்தச் சுற்றில் தமிழ் வாசிக்கிறவர்களும் இருந்ததால்தானே தமிழிலும் வெட்டினார்கள்! எங்கள் பூட்டன்மார் கோப்பித் தோட்டத்துக்கு வருவதற்கு ஏறக்குறைய 500 வருஷத்துக்கு முன்னால் இந்த மலையில் தமிழ் எழுத்து இருந்திருக்கிறது. அந்தப் பாறைக்கு முன்னால் நிற்கும்போது எனக்கு ஒவ்வொரு தடவையும் உடம்பு சிலிர்க்கிறது.

எம்பெக்க 'தேவாலயம்' என்று போட்டிருக்கிறீர்கள். அது சர்ச்சா?

இல்லை. சிங்களத்தில் தேவாலய என்றால் தெய்வங்களுக்கான கோயில். எம்பெக்க கதிர்காமத் தெய்வத்தின் கோயில், அதாவது நம் முருகன். பூசை செய்கிறவர் கப்புறாளை. மூலஸ்தானத்தில் சிலை கண்ணுக்குத் தெரியாது, படம் எழுதிய திரை தொங்கும், கப்புறாளை பழத்தட்டை வாங்கிக்கொண்டு திரைக்கு அந்தப் பக்கம் போய் உங்கள் பெயரைச் சொல்லி மன்றாடிவிட்டு வருவார். கதிர்காமம் போனவர்களுக்கு இது பழக்கமானதுதான். புதனும் சனியும் கெம்முர நாள் என்பார்கள், அன்று நேர்த்திக்கு வருகிற கூட்டம் அதிகம். நாம் ஞாயிறு போவதால் அமைதியாக இருக்கும்.

தேவாலயத்துக்குப் போகிற அன்று மச்சம் சாப்பிடாமல் வருவது அங்குள்ளவர்கள் வழக்கம். நாமும் அப்படியே போவோம், வீட்டில் கோயிலுக்குப் போகும்போது செய்வதுதானே.

அங்கே மரச் சிற்பம் பிரபலம் என்கிறார்கள். எதை முக்கியமாகப் பார்க்க வேண்டும்?

முன்னால் இருக்கிற மேளமண்டபம், திகே என்பார்கள். சுவர் இல்லாத மண்டபம், வரிசை வரிசையாக மரத்தூண்கள். ஒவ்வொரு தூணிலும் நாலு பக்கமும் சதுரமாக ஒரு சிற்பம் இருப்பதால், பாதி ஆட்கள் ஒரு பக்கத்தை மட்டும் பார்த்துவிட்டுப் போய்விடுகிறார்கள். தூணைச் சுற்றி வாருங்கள். பிள்ளைக்குப் பால் கொடுக்கிற தாய், மல்லுக்கட்டுகிற இருவர், ஆடுகிற பெண், கழுத்தோடு கழுத்துப் பின்னிய இரண்டு அன்னம், குதிரை வீரன். பின்னிய அன்னத்தைச் சும்மா பார்க்காமல் ஒன்றின் கழுத்தை மட்டும் பிடித்துக் கண்ணால் தொடர்ந்து போங்கள், எந்த உடம்பில் போய்ச் சேருகிறது என்று பாருங்கள், கொஞ்சம் நேரம் எடுக்கும். இரண்டு தலைப் பறவை ஒன்றும் இருக்கிறது. சிங்களத்தில் பேருண்ட பட்சி, நாம் கண்டபேரண்டம் என்போம், சங்கப் பாட்டில் இருதலைப்புள் என்று வருகிறதே, அந்த நினைவு எனக்கு வரும். செதுக்கியவர் பெயர் தெல்மட தேவேந்திர மூலாச்சாரி என்று சொல்லி வருகிறார்கள். ஆச்சாரி என்ற சொல் நமக்கு விளக்கம் வேண்டாத சொல்.

சிற்பத்தோடு நின்றுவிடாமல் தலையை நிமிர்த்திக் கூரையையும் பாருங்கள். மண்டபத்தின் ஒரு முனையில் 26 கைமரங்கள் விசிறி மடித்த மாதிரி ஒரே இடத்தில் வந்து சேருகின்றன, அத்தனையையும் ஒரே ஒரு பெரிய மர ஆணி பிடித்துக்கொண்டிருக்கிறது. மடொல் குருபாவ என்று அதற்குப் பெயர். என்னோடு வந்த ஒரு தச்சர் அதன் கீழே மல்லாந்து படுத்துப் பார்த்தார், கோயிலில் படுக்கக் கூடாது என்று எழுப்பினேன், ஆனால் அவர் ஆசை எனக்குப் புரிந்தது.

மொத்தம் எவ்வளவு தூரம் நடக்க வேண்டும்?

எம்பெக்கவிலிருந்து லங்காதிலகவுக்கு ஏறக்குறைய ஒன்றரைக் கிலோமீட்டர், இதுதான் வயல் வழி, நாளின் அழகான பகுதி. லங்காதிலகவிலிருந்து கடலாதெனியவுக்கு மூன்று கிலோமீட்டர், பெரும்பாலும் வளைந்து வளைந்து போகிற கிராமத்து ரோடு. அங்கிருந்து பிலிமத்தலாவவில் கொழும்பு ரோட்டுக்கு இன்னும் ஒரு கிலோமீட்டர் போல. பூங்காவையும் சேர்த்தால் எட்டு, ஒன்பது கிலோமீட்டர் வரும். அவசரமே இல்லை, எல்லோரையும் பார்த்துப் பார்த்துத்தான் போவேன்.

அம்மாவுக்கு 68 வயது, முழங்கால் வலி. கூட்டிக்கொண்டு வரலாமா?

வரலாம், ஆனால் ஒரு விஷயத்தைத் தெரிந்துகொண்டு வாருங்கள். சிரமம் லங்காதிலகவில்தான். விகாரை ஒரு வெறும் பாறையின் தலையில் நிற்கிறது, பாறையிலேயே படி வெட்டியிருக்கிறார்கள், எல்லாப் படியும் ஒரே உயரத்தில் இல்லை. வயல் வழியாக வந்தால் ஏற்றம் செங்குத்து. அம்மாவை எம்பெக்கவிலிருந்து ஓட்டோவில் ரோட்டு வழியாக அனுப்பிவிட்டு நாம் நடந்து போய் மேலே சேர்ந்துகொள்ளலாம், இப்படிப் பல தடவை செய்திருக்கிறேன். மற்றப்படி வரப்பில் நடக்கத் தடுமாற்றம் இருக்கிறவர்கள் ஒரு கைத்தடி கொண்டுவந்தால் நல்லது.

கடலாதெனியவில் என்ன விசேஷம்?

அது கல் கோயில். தஞ்சாவூர்ப் பக்கம் போய் வந்தவர்கள் வாசலில் நின்றதும், இது நம்ம ஊர்க் கட்டு மாதிரி இருக்கிறதே என்பார்கள், சரியாகத்தான் சொல்கிறார்கள். கட்டியவர் கணேசுவராச்சாரி என்ற தென்னிந்திய ஸ்தபதி. அந்த விவரமும் பாறைச் சாசனத்தில் இருக்கிறது. வாசல் படிப் பக்கத்தில் கீழ் வரிசையைக் குனிந்து பாருங்கள், ஆடுகிறவர்களும் மேளம் அடிக்கிறவர்களும் ஒரு சாண் உயரத்தில் வரிசையாக இருப்பார்கள், மழைத்தண்ணீர் ஓடி ஓடி முகமெல்லாம் மழுங்கிவிட்டது, ஆனால் கை வைத்திருக்கிற விதத்திலேயே யார் மேளம், யார் ஆட்டம் என்று தெரியும்.

உள்ளே மகரதோரணத்துக்குக் கீழே புத்தர், பக்கத்துச் சந்நிதி விஷ்ணுவுக்கு. வெளியே ஒரு தாகபை, அதாவது பௌத்த தூபி, இருக்கிறது, அதற்கு மேலே ஓட்டுக் கூரை போட்டிருப்பார்கள், நாலு பக்கமும் நாலு சின்னத் தாகபை. வெட்டவெளியில் வெள்ளையாக நிற்கிற தாகபையைப் பார்த்துப் பழகியவர்களுக்கு வீட்டுக்குள் இருக்கிற தாகபை புதிதாக இருக்கும்.

நாங்கள் சைவக்காரர்கள், ஒரு தோழி கத்தோலிக்கர். உள்ளே விடுவார்களா? கும்பிடலாமா?

விடுவார்கள், கும்பிடலாம், கும்பிடாமல் சும்மா பார்த்துவிட்டும் வரலாம். லங்காதிலகவில் புத்தர் சந்நிதியைச் சுற்றி வெளிப்பக்கத்தில் தெய்வங்களுக்கு இடம் வைத்திருக்கிறார்கள்: உபுல்வன், சமன், விபீஷணன், பிள்ளையார், கந்தன். பிள்ளையாரைக் கண்டதும் எங்கள் ஆட்கள் தன்னை அறியாமலே தலையில் குட்டிக்கொள்வார்கள், பக்கத்தில் நிற்கிற சிங்கள அம்மாமார் அதைப் பார்த்து முகம் மலர்ந்து கையெடுத்துக் கும்பிடுவார்கள்.

என்ன உடுத்துக்கொண்டு வர வேண்டும்?

தோளும் முழங்காலும் மூடியிருக்க வேண்டும், ஆண்களுக்கும்தான். வெள்ளை அல்லது வெளிர் நிறம் நல்லது. தொப்பியும் செருப்பும் வாசலிலேயே கழற்றிவிட வேண்டும், அதனால் கயிறு கட்டுகிற சப்பாத்தை விட இழுத்துப் போடுகிற செருப்பு லேசு. ஆனால் வரப்பில் வழுக்காத செருப்பாக இருக்கட்டும். ஒரு சோடி காலுறை கட்டாயம் பையில் போடுங்கள். ஆரம்பத்தில் ஒரு தடவை, வழியில் தாமதமாகி, லங்காதிலகப் பாறையில் நடுமத்தியானம் ஏற வேண்டி வந்தது. வெறுங்காலோடு அந்தக் கல்லில் நிற்க முடியாமல் இரண்டு பிள்ளைகள் அழுதுவிட்டார்கள், ஒருவருக்குக் கால் கொப்பளித்தது. அது என் தவறு. அதற்குப் பிறகுதான் காலை ஏழு மணிக்கு முன்னால் எல்லோரும் பேராதனையில் நிற்க வேண்டும் என்று கண்டிப்பாக வைத்திருக்கிறேன், ஒன்பதரைக்கெல்லாம் பாறையில் இருப்போம்.

படம் எடுக்கலாமா?

வெளியில் தாராளமாக. சந்நிதிக்குள் கேட்டுவிட்டு, பிளாஷ் இல்லாமல். லங்காதிலகவில் சுவரிலும் மேல்தட்டிலும் பழைய ஓவியம் இருக்கிறது, அதில் வெளிச்சம் அடிக்கக் கூடாது. புத்தர் சிலைக்கு முதுகைக் காட்டி நின்று எடுக்கவே வேண்டாம். செல்பி எடுக்கிறவர்களுக்கு இது கைப்பழக்கமாக வந்துவிடும், தெரியாமல் செய்தாலும் அங்குள்ளவர்கள் மனம் நோகும், இந்த நாட்டில் அது சட்டப் பிரச்சினையாகவும் ஆகலாம். என் கண்ணில் பட்டால் உடனே சொல்வேன், கோபிக்காதீர்கள்.

பிக்குமாரோடு பேசலாமா? சிங்களம் சரியாக வராதே.

கை கூப்பி வணங்கிவிட்டுப் பேசுங்கள், ஏதாவது கொடுப்பதென்றால் இரண்டு கையாலும் கொடுங்கள். ஹாமுதுருவனே என்று கூப்பிட்டால் போதும், மிச்சத்தை நான் பார்த்துக்கொள்கிறேன். நாங்கள் கல்வெட்டுப் பார்க்க வந்த தமிழ் ஆட்கள் என்று சொன்னதும் நின்று நேரமெடுத்துக் காட்டிய பிக்குமார் உண்டு.

சாப்பாடு?

கட்டிக்கொண்டு வாருங்கள். தேங்காய் ரொட்டியும் கட்டச் சம்பலும் என்றால் அரை நாள் கெடாது, கையும் அழுக்காகாது. சோறு கட்டினால் வாழையிலையில் கட்டுங்கள், குப்பையை அங்கே விட்டுவிட்டு வருகிற பேச்சே இல்லை. லங்காதிலகவிலிருந்து இறங்கி வருகிற வழியில் ஒரு வீட்டில் பிளேன்டியும் கித்துள் கருப்பட்டியும் சொல்லி வைத்திருக்கிறேன். கருப்பட்டியை வாயில் ஒரு கடி, அப்புறம் தேத்தண்ணி ஒரு மடக்கு, சீனி போட்டுக் கேட்காதீர்கள்.

மழை, அட்டை?

ஜனவரியிலிருந்து மார்ச் வரை நல்ல காலம். ஒக்டோபர், நவம்பரில் பின்னேரம் இடியோடு மழை நிச்சயம் மாதிரிதான், அதனால் அந்த மாதங்களில் நடையை முடிந்தவரை நேரத்தோடு முடித்துவிடப் பார்ப்பேன். மழை பெய்த மறுநாள் வரப்பில் அட்டை இருக்கும். தோட்டத்தில் வளர்ந்தவர்களுக்கு நான் சொல்லத் தேவையில்லை, கொழும்பிலிருந்து வருகிறவர்களுக்காகச் சொல்கிறேன்: காலில் சவர்க்காரத்தை நனைக்காமல் தேய்த்துவிட்டு நடவுங்கள், ஏறினால் பிய்த்து இழுக்காமல் கொஞ்சம் உப்பு போடுங்கள், தானாக விழும். கண்டி மாவட்டத்துக்கு மண்சரிவு எச்சரிக்கை விட்டிருந்தால் நடை கிடையாது, காசு முழுவதும் திரும்பி வரும், இதில் பேரம் பேசாதீர்கள்.

போயா தினத்தில் போகலாமா?

போகலாம், ஆனால் நான் அன்றைக்குக் கூட்டம் நடத்துவதில்லை. வெள்ளை உடுத்துச் சில் எடுக்க, அதாவது பௌத்த விரதம் இருக்க, வந்தவர்கள் காலையிலிருந்து அமர்ந்திருப்பார்கள், அவர்களுக்கு நடுவில் பன்னிரண்டு பேரைக் கூட்டிக்கொண்டு போய் விளக்கம் சொல்வது மரியாதையாக இருக்காது.

கோயில் நடையில் பேராதனைப் பூங்காவை ஏன் சேர்த்தீர்கள்?

எம்பெக்கவைக் கட்டிய மூன்றாம் விக்கிரமபாகு 1371 அளவில் மகாவலி வளைந்து போகிற இந்த இடத்தில்தான் அரசவை வைத்திருந்தார் என்று சொல்லப்படுகிறது, அதனால் காலையில் பார்த்ததன் தொடர்ச்சி இது. தாவரவியல் பூங்காவாக ஆனது 1821இல், பரப்பு 147 ஏக்கர். எல்லாவற்றையும் பார்க்க நினைக்காதீர்கள், கால் ஏற்கனவே களைத்திருக்கும்.

இரண்டு விஷயத்துக்காகத்தான் நான் கூட்டிப்போகிறேன். ஒன்று தேயிலை. அசாம் தேயிலை விதைகள் 1839இல் இங்கேதான் வந்தன. 1867இல் ஜேம்ஸ் டெய்லர் லூல்கந்துரவில் 19 ஏக்கரில் தோட்டம் போட்டார், 1869இல் கோப்பியில் இலைநோய் தென்பட்டது, கோப்பி அழிந்து மலையெல்லாம் தேயிலையானது, மிச்சத்தை எங்கள் குடும்பங்கள் முதுகில் கூடையோடு அனுபவித்தன. அந்தக் கதையை இந்தப் புல்வெளியில் உட்கார்ந்து சொல்லும்போது, யாராவது ஒருவர் தன் பாட்டியின் கதையைச் சொல்லத் தொடங்குவார். நான் நிறுத்திக்கொண்டு அவரைப் பேச விடுவேன்.

மற்றது நாகலிங்க மரம். 1901இல், பின்னால் ஐந்தாம் ஜோர்ஜ் மன்னரானவர் நட்ட மரம் ஒன்று இங்கே நிற்கிறது, பீரங்கிக் குண்டு மாதிரிக் காய்கள். கீழே விழுந்த பூவை மட்டும் எடுங்கள், பறிக்க வேண்டாம். உள்ளங்கையில் வைத்துப் பாருங்கள்: நடுவில் சின்ன மேடு, அதைச் சுற்றிக் குட்டிக் குட்டிக் காம்புகள், மேலே படமெடுத்த மாதிரி ஒரு வளைவு. நாம் பாம்புக் குடைக்குக் கீழே லிங்கம் என்கிறோம். சிங்களவர்கள் இதே பூவைச் சல் மல் என்று விகாரைக்குக் கொண்டுபோகிறார்கள், அவர்களுக்கு நடுவில் தெரிவது தாகபை, சுற்றி நிற்பவர்கள் கும்பிட வந்த சனம். புத்தர் பிறந்தது சால மரத்தின் கீழ் என்பதால் அந்தப் பெயர் வந்தது, ஆனால் அந்தச் சால மரம் வேறு, இது தென் அமெரிக்காவிலிருந்து வந்த மரம். ஒரு தடவை பத்து வயதுப் பிள்ளை ஒன்று பூவைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, மாமா, எனக்கு ரெண்டும் தெரியுது என்றது.

கட்டணம்?

ஆளுக்கு 3,500 ரூபாய், பன்னிரண்டு வயதுக்குக் கீழே பாதி. காலையில் பேராதனையிலிருந்து எம்பெக்கவுக்கு வான், பிளேன்டி, பிலிமத்தலாவவிலிருந்து திரும்புகிற வான் எல்லாம் இதற்குள். நுழைவு டிக்கட் தனி, இலங்கையர்களுக்கும் வெளிநாட்டுக் கடவுச்சீட்டு உள்ளவர்களுக்கும் விலை வேறு, அடையாள அட்டை கொண்டு வாருங்கள். கோயில் உண்டியலுக்குச் சில்லறை வைத்துக்கொள்ளுங்கள்.

பித்தளைச் சாமான் வாங்க நேரம் கிடைக்குமா?

பிலிமத்தலாவ ரோட்டோரம் முழுக்கக் கடைதான், அரை மணி நேரம் நிற்போம். குத்துவிளக்கு வாங்குவதென்றால் கையில் தூக்கிப் பாருங்கள், உள்ளே கூடாக இருந்தால் எடை சொல்லிவிடும். நான் எந்தக் கடையிலும் தரகு வாங்குவதில்லை.

உங்களோடு வராமல் நாங்களாகவே போக முடியாதா?

தாராளமாக. கண்டியிலிருந்து எம்பெக்கவுக்கு பஸ் இருக்கிறது, கம்பளை, நாவலப்பிட்டிப் பக்கத்திலிருந்து வருகிறவர்கள் கெலிஓயாவில் இறங்கித் தவுலகல ரோட்டைப் பிடிக்கலாம். எம்பெக்கவில் தொடங்கிக் கடலாதெனியவில் முடியுங்கள், அப்போதுதான் பாறையில் வெயில் ஏறுவதற்கு முன் லங்காதிலகவில் இருப்பீர்கள், கடைசியில் பிலிமத்தலாவவில் பஸ்ஸும் லேசாகக் கிடைக்கும். வயல் வழியில் ஓரிடத்தில் பாதை இரண்டாகப் பிரியும், வயலில் யாராவது நிற்பார்கள், 'லங்காதிலகயட யன்னே கொஹொமத' என்று கேளுங்கள், கையை நீட்டிக் காட்டிவிடுவார்கள். கல்வெட்டுக்கு மட்டும் காலை வெயில் சாய்ந்திருக்கும்போதே போய்விடுங்கள், உச்சி வெயிலில் எழுத்து ஒன்றும் தெரியாது.